மூன்று முறை கூப்பிட்டார்கள்

கண்ணமங்கலம்
6-3-1984

மாப்பிள்ளை சின்னராசுவுக்கு,

உன் அப்பீல் நேற்றுத் தள்ளுபடியாகிவிட்டது. இதை முதல் வரியிலேயே எழுதிவிடுகிறேன். என் கடிதங்களை நீ கடைசிவரை படிப்பதில்லை என்று எனக்கு வெகுநாளாகச் சந்தேகம்.

பள்ளிக்கூடத்தில் லீவு கேட்டு, தலைமையாசிரியர் முகம் சுளித்ததைப் பொறுத்துக்கொண்டு, முதல் பஸ்ஸைப் பிடித்துக் கோர்ட்டுக்குப் போனேன். நீ அங்கே இருப்பாய் என்று நம்பினேன். டவாலி வாசலில் நின்று உன் பெயரை மூன்று முறை கூப்பிட்டான். மூன்றாவது கூப்பாட்டுக்கு, வராந்தாவில் வேர்க்கடலை விற்கிற ஒருவன் எட்டிப் பார்த்தான். அவன் பெயரும் சின்னராசாம். நேற்று அந்தக் கோர்ட்டுக்கு வந்த ஒரே சின்னராசு அவன்தான்.

நம் வக்கீல் சுப்பிரமணியையும் காணோம். வேறு வழியில்லாமல் கடைசி பெஞ்சிலிருந்து நான் எழுந்து நின்றேன். கீழே உட்கார்ந்திருந்த குமாஸ்தா, "யார் நீங்க? அந்த ஆளுக்கு நீங்க இன்னா ஒறவு வேணும்?" என்றார். "மச்சான்" என்றேன். "மச்சானெல்லாம் இங்க பேசக் கூடாது, குந்துங்க" என்றார். இருபது வருஷமாகப் பிள்ளைகளை உட்கார், எழுந்திரு என்று சொல்லிக்கொண்டிருப்பவன் நான். உட்கார்ந்தேன்.

வழக்கை நடத்த ஆள் இல்லை, ஆகவே தள்ளுபடி. அவ்வளவுதான் உத்தரவு. உன் வழக்குக் கட்டின் நாடாவைக்கூட யாரும் அவிழ்க்கவில்லை. நான் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

இதன் பொருள் உனக்குப் புரிகிறதா? வடிவேலுவின் மணிக்கட்டைக் கோடாலிக் காம்பால் உடைத்தாயே, அதற்குக் கீழ்க்கோர்ட்டு கொடுத்த ஒரு வருஷ ஜெயில் அப்படியே நிற்கிறது. அப்பீல் முடியும்வரைதான் ஜாமீன். இனி வாரண்டு வரும். உன்னைக் கொண்டுவந்து நிறுத்துகிறேன் என்று ஜாமீன் கையெழுத்துப் போட்டவன் நான் என்பதையும் நினைவில் வைத்துக்கொள்.

சாயங்காலம் வக்கீலைப் பிடித்தேன். "கேஸ் முடிஞ்சுபோச்சு, நீங்க வர வேணாம்னு உங்க மாப்பிள்ளைதான் ஜீப் டிரைவர்கிட்ட சொல்லி அனுப்பிச்சாரு சார்" என்கிறார். நான் நம்பவில்லை. நீ முரடன்தான்; ஆனால் பைத்தியக்காரன் இல்லை.

உடனே இறங்கி வா. காய்ச்சலில் படுத்திருந்ததாக எழுதிக்கொள்ளலாம். மலைக் காய்ச்சல் என்றால் எந்த ஊர்க்காரனும் மேலே கேள்வி கேட்க மாட்டான்.

ரங்கசாமி


மேற்குக்கொல்லை
நெல்லிவாசல்நாடு
14-3-1984

மச்சான் அவர்களுக்குச் சின்னராசு வணக்கத்துடன் எழுதுவது.

உங்கள் கடிதத்தைக் கடைசிவரை படித்தேன். உங்கள் தங்கச்சி செல்லிக்கும் படித்துக் காட்டினேன். வேர்க்கடலைக்காரன் வந்த இடத்தில் அவள் சிரித்துவிட்டாள். அப்புறம் அழுதாள்.

வக்கீல் சொன்னது நிசம்தான். நான்தான் சொல்லி அனுப்பினேன். ஏனென்றால் கேஸ் முடிந்துவிட்டது. தை மாதம் மலையில் எல்லா ஊரும் கூடி நாட்டுக் கூட்டம் போட்டார்கள். வடிவேலுவையும் என்னையும் எதிரெதிரே உட்கார வைத்தார்கள். ஆட்டைக் கட்டாமல் விட்டது அவன் தப்பு, துவரையை மேய்ந்த ஆட்டுக்காக மனுசனை அடித்தது என் தப்பு என்று கோபால்சாமி நாட்டார் சொன்னார். அவன் கை தேறும்வரைக்கும் அவன் கொல்லையையும் நானே உழ வேண்டும் என்று தீர்ப்பு. ஒத்துக்கொண்டேன். இரண்டு பேரும் ஒரே இலையில் களி தின்றோம். அவனுக்கு வலது கை ஏறவில்லை. நான்தான் உருட்டிக் கொடுத்தேன். "உப்பு பத்தலடா" என்றான். எல்லோரும் சிரித்தார்கள்.

அதற்குப் பிறகு இரண்டு பேரும் கோயில் கல்லைத் தொட்டுச் சத்தியம் செய்தோம். இந்த விசயத்துக்காக வழக்காட மலையை விட்டு இறங்குவதில்லை, எந்தக் காகிதத்திலும் கை வைப்பதில்லை. தீர்ந்ததைக் கீழே எடுத்துப் போகிறவன் நாட்டுக்கு ஆகாதவன். இது உங்களுக்குத் தெரியாததா?

காய்ச்சல் என்று எழுதச் சொல்கிறீர்கள். எனக்குக் காய்ச்சல் இல்லை. இந்த வாரம் பூராவும் வடிவேலு கொல்லையில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தேன். பார்த்த சனம் உண்டு.

உங்கள் வீட்டில் காந்தா அக்காவுக்கு வணக்கம். இந்த வருசப் புளியைச் செல்லி கொட்டை எடுத்து வைத்திருக்கிறாள். ஜீப்பில் அனுப்புகிறோம்.

சின்னராசு


கண்ணமங்கலம்
19-3-1984

சின்னராசு,

மாப்பிள்ளை என்று எழுதக் கை வரவில்லை. மன்னித்துக்கொள், அல்லது மன்னிக்காதே.

உன் கடிதத்தை எடுத்துக்கொண்டு வக்கீலிடம் போனேன். அவர் படித்துவிட்டு நெற்றியில் அடித்துக்கொண்டார். "சார், இதுக்குப் பேர்தான் ராஜி" என்றார். அடிபட்டவன் நேரில் வந்து, எங்களுக்குள் தீர்ந்துபோயிற்று என்று சொன்னால், உன் மீதுள்ள குற்றத்துக்குக் கோர்ட்டு அதை ஏற்றுக்கொள்ளச் சட்டத்திலேயே இடம் இருக்கிறது. ஏற்றுக்கொண்டால் நீ விடுதலை. வடிவேலுவும் நீயும் அன்றைக்கு அந்தக் கூண்டுப் பக்கம் ஐந்து நிமிஷம் சேர்ந்து நின்றிருந்தால் போதும்.

நீ தப்பித்துக்கொள்ளக் கூடிய ஒரே வழி வடிவேலுவோடு சமாதானமாவது. அதைச் செய்துவிட்டாய். செய்துவிட்டு, அதைக் கீழே வந்து சொல்ல மாட்டேன் என்று கல்லைத் தொட்டுச் சத்தியமும் செய்துவிட்டாய். இந்தத் தேசத்தில் இப்படி ஒரு காரியத்தைச் செய்யக்கூடியவர்கள் உங்கள் மலையில் மட்டும்தான் இருக்கிறார்கள்.

உங்கள் மலை என்றுதான் எழுதுகிறேன். நான் அங்கே பிறந்தவன் என்பதை நாட்டார் மறந்துவிட்டார், எனக்கும் மறந்துபோயிற்று.

இன்னமும் ஒரு கதவு இருக்கிறது. கிரிமினல் அப்பீலை, ஆள் வரவில்லை என்ற ஒரே காரணத்துக்காகத் தள்ளக் கூடாதாம். கட்டைப் பிரித்துப் படித்துப் பார்த்துத்தான் தீர்ப்புச் சொல்ல வேண்டுமாம். மெட்ராஸில் மனுப் போட அது போதும் என்கிறார் வக்கீல். மனு ஏறிவிட்டால் வாரண்டை நிறுத்தி வைக்கச் சொல்லிக் கேட்கலாம். அப்பீல் திரும்ப உயிர் பெற்றால் ராஜியைச் சொல்லலாம். ஆனால் நீயும் வடிவேலுவும் இறங்கி வந்து கையெழுத்துப் போட்டாக வேண்டும். மலை மேல் உட்கார்ந்துகொண்டு மனம் திருந்துகிறவர்களுக்குச் சட்டத்தில் இடமில்லை.

நாட்டாரிடம் போய்ச் சொல். சட்டம் படித்தவர்கள் சொல்கிறார்கள் என்று சொல். ஒரு சத்தியத்தை ஒரு வாரத்துக்கு எடுத்து வைக்க முடியாதா என்று கேள்.

நேற்றுப் போலீஸ்காரர் ஒருவர் பள்ளிக்கூடத்துக்கே வந்து, "உங்க மாப்பிள்ளை எங்க சார்?" என்று கேட்டார். எட்டாம் வகுப்பு முழுக்க ஜன்னலில் தொங்கியது.

ரங்கசாமி


மேற்குக்கொல்லை
29-3-1984

மச்சான் அவர்களுக்கு,

நாட்டாரைப் பார்த்தேன். வடிவேலுவையும் கூட்டிக்கொண்டு போனேன். எனக்கு முன்னால் அவன்தான் பேசினான். "மாமா, இவன் ஜெயிலுக்குப் போய்ட்டா என் கொல்லைய எவன் உழுவான்? கைய ஒடச்சவன வுட்டுட்டு நான் எவன்கிட்ட போய் நிக்கறது?" என்றான். நாட்டார் வெற்றிலையைத் துப்பிவிட்டுப் பேசினார்.

"சத்தியத்த எடுக்கலாம். சாமிக்கு ஒண்ணும் கோவம் இல்ல. ஆனா இதுல கைய வெச்ச அத்தினி பேரும் பாயில குந்தி, சரின்னு சொல்லணும். வடிவேலு பக்கம் அவன் மாமனாரு, பிராது குடுத்தவரு, இருக்காரு. உன் பக்கம் ஜாமீனு நின்னது யாரு?" என்றார்.

"ரங்கசாமி மச்சான்" என்றேன்.

"அப்ப அவன் வரணும்" என்றார்.

நீங்கள் கோபப்படுவீர்கள் என்று தெரியும். ஆனாலும் எழுதுகிறேன். உங்கள் புளியமரத்தை உங்கள் சித்தப்பாவுக்குக் கொடுத்தது நாட்டுத் தீர்ப்பு. அதை ஒத்துக்கொள்ளாமல் நீங்கள் கீழே கோர்ட்டுக்குப் போனீர்கள். உங்களைத் தள்ளி வைத்தார்கள். அது எனக்குக் கல்யாணம் ஆவதற்கு முந்தின கதை. ஆனால் கல்யாணமாகி நான் இந்த ஊருக்கு வந்த பிறகு பார்த்ததைச் சொல்கிறேன். ஒவ்வொரு சித்திரையிலும் நாடு கூடும்போது, தள்ளி வைத்தவர்கள் பெயரைக் கூப்பிடுகிறார்கள். உங்கள் பெயரையும் மூன்று முறை கூப்பிடுவார்கள். வந்து நின்றால் வழக்கைத் திரும்ப எடுப்பார்கள். வராவிட்டால், "வரல. அப்பிடியே இருக்கட்டும்" என்று நாட்டார் சொல்லிவிட்டு அடுத்த விசயத்துக்குப் போவார்.

கூப்பிடும்போது செல்லி பின்னால் எழுந்து நிற்பாள். வருசா வருசம் நிற்கிறாள். நீ யார் என்று அவளை யாரும் கேட்டதில்லை. ஆனால் உட்காரச் சொல்லிவிடுவார்கள்.

சித்திரை இரண்டாவது வெள்ளிக்கிழமை கூட்டம். வாருங்கள். கூட்டம் முடிந்ததும் மறுநாளே நானும் வடிவேலுவும் உங்களோடு இறங்கி வருகிறோம். எங்கே கையெழுத்துப் போடச் சொன்னாலும் போடுகிறோம்.

இன்னொன்று. இதைச் சொல்லக் கூடாது என்று செல்லி சொன்னாள். வருசா வருசம் உங்களுக்கு வருகிற புளி எங்கள் மரத்துப் புளி இல்லை. அது அந்த மரத்துப் புளி. சித்தப்பா உலுக்கின அன்றைக்கே பாதியைச் செல்லியிடம் கொட்டிவிட்டு, "கீழ இருக்கறவனுக்கு அனுப்பு, நான் குடுத்தேன்னு சொல்லாத" என்பார். அவர் போன பிறகு அவர் மகனும் அப்படியே செய்கிறான்.

சின்னராசு


கண்ணமங்கலம்
5-4-1984

சின்னராசு,

வர முடியாது.

இந்த ஒரு வரியோடு நிறுத்திவிடலாம் என்று நினைத்தேன். நிறுத்த முடியவில்லை.

என் அப்பா நட்டு, கிணற்றிலிருந்து குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றி வளர்த்த மரம் அது. அப்பா இறந்த வருஷமே அதைச் சித்தப்பாவுக்கு எழுதி வைத்தார் உன் நாட்டார். எழுதக்கூட இல்லை, வாயால் சொன்னார். நான் படித்தவன். நியாயம் எங்கே கிடைக்கும் என்று எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார்கள். அங்கே போனேன். ஜெயித்தேன். மரம் எனக்குத்தான் என்று கோர்ட்டுத் தீர்ப்பு என் இரும்புப் பெட்டியில் இருக்கிறது. தாசில்தார் ஆபீஸிலிருந்து ஆள் அனுப்பி மரத்தை எனக்கு வாங்கிக் கொடுப்பார்கள் என்று காத்திருந்தேன். மலைக்கு ஏற யாருக்கும் சௌகரியப்படவில்லை. ஆக, நாட்டுத் தீர்ப்பில் தோற்றேன், கோர்ட்டுத் தீர்ப்பில் ஜெயித்தேன். இரண்டிலும் புளி சித்தப்பாவுக்குத்தான் போயிற்று.

மரம் போகட்டும். அம்மா செத்த செய்தி எனக்கு எப்போது வந்தது? அடக்கம் முடிந்து இரண்டு நாள் கழித்து, சந்தவாசல் சந்தையில், உப்பு வாங்க வந்த ஒருவன் சொன்னான். நான் கையில் கத்தரிக்காய்ப் பையோடு நின்றிருந்தேன். தள்ளி வைத்தவனுக்குச் சாவுச் சேதி சொல்லக் கூடாது என்பதும் உங்கள் நாட்டு வழக்கம்தானே? அந்தக் கூட்டத்தில் வந்து நான் பாயில் உட்கார வேண்டும். கோபால்சாமி நாட்டார் என்னைப் பார்த்து, வாடா என்று சொல்ல வேண்டும். அதற்கு நான் தலையாட்ட வேண்டும்.

வருஷா வருஷம் என் பெயரைக் கூப்பிடுகிறார்களாம். எனக்கு அது தெரியாது. தெரிந்திருந்தாலும் வந்திருக்க மாட்டேன்.

உன் சத்தியத்தை எடுப்பதில் எனக்குப் பூரண சம்மதம் என்று ஒரு காகிதத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டு இத்துடன் வைத்திருக்கிறேன். கூட்டத்தில் படித்துக் காட்டு. போதும்.

புளியைப் பற்றி எழுதியிருந்ததைக் காந்தாவிடம் சொன்னேன். "அதான் நம்ம வூட்டுக் கொழம்புக்கு மட்டும் அந்த ருசி" என்றாள். சொல்லிவிட்டுச் சிரித்தாள். அன்று நான் மோர் ஊற்றிச் சாப்பிட்டேன். இந்த வீட்டில் என் கட்சியில் ஆள் இல்லை. இனிமேல் புளி அனுப்ப வேண்டாம்.

ரங்கசாமி


மேற்குக்கொல்லை
13-4-1984

மச்சான் அவர்களுக்கு,

உங்கள் காகிதத்தை நாட்டாருக்குப் படித்துக் காட்டினேன். "நல்லா எழுதியிருக்கான்" என்றார். அப்புறம், "காயிதம் வந்து பாயில குந்துமாடா? நாம கேட்டா பதில் சொல்லுமா? அங்க கோர்ட்டுல உன் பேர கூப்புட்டப்ப வக்கீலு காயிதம் இருந்துச்சே, அது போயி நின்னுச்சா?" என்று கேட்டார்.

அத்தையின் சாவுக்கு உங்களுக்குச் சேதி சொல்லாதது தப்பு. எனக்குச் சமாதானம் சொல்லத் தெரியவில்லை. செல்லிக்கும் தெரியவில்லை. அன்றைக்கு அவள் ஓடி வரப் பார்த்தாள். பிடித்து வைத்தவர்களில் நானும் ஒருவன். ஆனால் மச்சான், அதை என்னிடம் எழுதி என்ன பிரயோசனம்? நாட்டாரைக் கேட்க வேண்டும். பாயில் உட்கார்ந்தவனுக்குத்தான் கேட்க உரிமை உண்டு. நின்றுகொண்டு கேட்டால் சண்டை. கீழே இருந்து கேட்டால் யார் காதிலும் விழாது.

உங்களை நான் கட்டாயப்படுத்தவில்லை. ஒரு வழி யோசித்துவிட்டேன். இந்த விசயமாக இறங்கி வழக்காட மாட்டேன் என்றுதான் சத்தியம். ஜெயிலுக்குப் போக மாட்டேன் என்று யாரும் என்னிடம் சத்தியம் வாங்கவில்லை. கூட்டத்துக்கு மறுநாள் நானே இறங்கி, போலீஸிடம் போய் நின்றுவிடுகிறேன். ஜாமீன் நின்ற உங்களுக்குக் கெட்ட பெயர் வராது. ஒரு வருசம்தானே. வடிவேலு கொல்லையைச் செல்லி உழுவதாகச் சொல்கிறாள். வடிவேலு கத்துகிறான். "இன்னாடா இது, கை ஒடஞ்சவன் நான், தண்டனை எல்லாருக்கும்" என்கிறான்.

புளி அனுப்ப வேண்டாம் என்றீர்கள். செல்லி முன்னமே ஜீப்பில் ஏற்றிவிட்டாள். வந்ததைத் திருப்பி அனுப்பினால் வழியில் கொட்டிப் போகும். வைத்துக்கொள்ளுங்கள்.

சின்னராசு


கண்ணமங்கலம்
17-4-1984

மாப்பிள்ளை சின்னராசுவுக்கு,

இதைத் தபாலில் போட்டால் கூட்டம் முடிந்த பிறகுதான் உனக்கு வரும். அதனால் ஜீப் டிரைவர் கையில் கொடுத்து அனுப்புகிறேன். வாயால் எதுவும் சொல்லி அனுப்பவில்லை. டிரைவர் வாயால் போன சேதி என்ன பாடுபடும் என்று பார்த்தாயிற்று.

ஜெயிலுக்குப் போக மாட்டேன் என்று யாரும் சத்தியம் வாங்கவில்லை என்று எழுதியிருக்கிறாய். அந்த வாக்கியத்தைப் படித்துவிட்டுப் பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் உட்கார்ந்துவிட்டேன். செய்யாத குற்றத்துக்கு ஜெயிலுக்குப் போகிறவனைப் பார்த்திருக்கிறேன். செய்த குற்றத்துக்குப் போகிறவனையும் பார்த்திருக்கிறேன். மச்சானுக்குக் கோபம் தீரவில்லை என்பதற்காக ஜெயிலுக்குப் போகிறவனை இப்போதுதான் பார்க்கிறேன்.

நான் வருகிறேன்.

யாரையும் மன்னிக்க வரவில்லை என்பதை இப்போதே தெளிவாக எழுதிவிடுகிறேன். உன் நாட்டாரிடமும் படித்துக் காட்டு. பாயில் உட்காருவேன். உன் சத்தியத்தை எடுக்கச் சரி என்பேன். அதற்குப் பிறகு, அந்த இடத்தை விட்டு எழுந்திருக்காமல், அம்மாவைப் பற்றிக் கேட்பேன். அதற்குப் பதில் வரும்வரை யாரும் அடுத்த விசயத்துக்குப் போகக் கூடாது. கோர்ட்டுத் தீர்ப்பின் நகலையும் எடுத்து வருகிறேன். படிக்கப்போவதில்லை. என் பையில் இருக்கட்டும்.

எனக்காக எதுவும் சமைக்க வேண்டாம் என்று செல்லியிடம் சொல். சொன்னாலும் கேட்க மாட்டாள். களிக்கு உப்புச் சரியாகப் போடச் சொல். வடிவேலுவையும் உன்னையும் சனிக்கிழமை காலையில் புறப்படுகிற முதல் ஜீப்பில் இறக்க வேண்டும். வக்கீலிடம் சொல்லிவிட்டேன். மனு எழுதி வைத்துக்கொண்டு காத்திருப்பார். வடிவேலுவைச் சட்டை போட்டுக்கொண்டு வரச் சொல். கோர்ட்டில் வந்து, ஜெயிலுக்கு அனுப்பினால் என் கொல்லையை உழ ஆளில்லை என்று சொல்லிவைக்கப் போகிறான். அதை மட்டும் சொல்லாமல் பார்த்துக்கொள். அல்லது சொல்லட்டும். அதைவிட நல்ல காரணம் எனக்கும் தோன்றவில்லை.

வெள்ளிக்கிழமை மத்தியானத்துக்குள் வந்துவிடப் பார்க்கிறேன். ஜீப் நிற்கிற இடத்திலிருந்து மேற்குக்கொல்லைக்கு ஏறி எத்தனையோ வருஷமாயிற்று. எனக்கு இப்போது மூச்சு வாங்குகிறது. முதல் கூப்பாட்டுக்கு நான் வந்து நிற்காவிட்டால், வரவில்லை என்று நாட்டார் அவசரப்பட்டுச் சொல்லிவிட வேண்டாம். மூன்று முறையும் கூப்பிடச் சொல். நிதானமாக, இடைவெளி விட்டுக் கூப்பிடச் சொல். நான் பாதையில் ஏறிக்கொண்டிருப்பேன்.

செல்லி எழுந்து நிற்பாள் அல்லவா? அவளை உட்காரச் சொல்ல வேண்டாம்.

ரங்கசாமி